காவலர் இடுப்பில் எந்தப் பிஸ்டல்? அமெரிக்கக் காவல்துறைகள் கைத்துப்பாக்கியைத் தேர்ந்தெடுக்கும் விதம்: முழுமையான வழிகாட்டி

அமெரிக்காவில் ஏறக்குறைய 18,000 காவல் அமைப்புகள் இருக்கின்றன. நான்கைந்து பேர் மட்டும் வேலை பார்க்கும் சிற்றூர்க் காவல்துறையும் அதில் உண்டு, முப்பதாயிரத்துக்கும் அதிகமான காவலர்கள் உள்ள நியூயார்க் நகரக் காவல்துறையும் உண்டு. இவர்கள் எல்லோரும் எந்தக் கைத்துப்பாக்கியை வைத்துக்கொள்ள வேண்டும் என்று வாஷிங்டனில் இருந்து யாரும் உத்தரவு போடுவதில்லை. ஒவ்வொரு துறையும் தானே முடிவு செய்கிறது. சிலர் மாதக்கணக்கில் சோதித்து வாங்குகிறார்கள். சிலர் பக்கத்து ஊர்க்காரர்கள் எதை வாங்கினார்களோ அதையே வாங்கிவிடுகிறார்கள்.

கடந்த நாற்பது ஆண்டுகளில் இந்த முடிவுகளில் நேர்ந்த பிழைகள் விசாரணை அறிக்கைகளாகவும் வழக்குகளாகவும் ஆய்வுகளாகவும் நமக்குக் கிடைக்கின்றன. அவற்றைப் படிக்கப் படிக்க எனக்கு ஒரு விஷயம் உறுதியாகியிருக்கிறது. துறைக்கான பிஸ்டலை அங்கே பிரமாதமாகச் சுடுபவரை மனதில் வைத்துத் தேர்ந்தெடுக்கக் கூடாது. வருடத்துக்கு ஓரிரு முறை மட்டும் சுடுதளத்துக்கு வந்து, தேர்ச்சி மதிப்பெண்ணைத் தட்டுத்தடுமாறித் தாண்டுகிற காவலரை மனதில் வைத்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். அவர் கையில் ஒழுங்காக வேலை செய்யும் பிஸ்டல் மற்ற எல்லோர் கையிலும் வேலை செய்யும். கீழே வரும் படிகள் எல்லாம் இதிலிருந்து கிளைத்தவைதான்.

படி 1: எந்தத் துப்பாக்கியையும் பார்ப்பதற்கு முன் தேவையை எழுதுங்கள்

முதலில் ஒரு குழு வேண்டும். துப்பாக்கிப் பயிற்சியாளர், பழுது பார்க்கும் ஆர்மரர், கொள்முதல் அலுவலர், சட்ட ஆலோசகர் ஆகியோரை யாரும் மறக்கமாட்டார்கள். மறந்துபோவது ரோந்துக் காவலர்களை. ஒரு நாளைக்குப் பத்து மணி நேரம் அந்தப் பிஸ்டலை இடுப்பில் கட்டிக்கொண்டு காரில் ஏறி இறங்கப்போவது அவர்கள்தான். சிறிய கை உள்ளவர்கள், பெண் காவலர்கள், இடதுகைக்காரர்கள் குழுவில் கட்டாயம் இருக்க வேண்டும். துப்பாக்கிமேல் தனி ஆர்வம் கொண்டவர்கள் மட்டுமே கூடி முடிவெடுத்தால், தங்களுக்குப் பிடித்ததைத்தான் ஊருக்கும் வாங்குவார்கள்.

குழு எழுதும் முதல் ஆவணத்தில் கம்பெனிப் பெயரே வரக்கூடாது. யார் யார் சுமக்கப்போகிறார்கள்? சீருடையில் வெளியே தெரியும்படியா, சட்டைக்குள் மறைத்தா? குளிர்காலத்தில் கையுறை போட்டுச் சுட வேண்டுமா? துப்பாக்கியில் லைட் மாட்டுவோமா? எத்தனை வருடத்துக்கு இது ஓட வேண்டும்? இவற்றுக்குப் பதில் எழுதினாலே பாதி மாடல்கள் தாமாக விலகிவிடும்.

இங்கேயே ஒரு முக்கியமான முடிவும் வரும்: ஒரே மாடலா, ஒரு குடும்பமா? அமெரிக்க எல்லைக் காவல் அமைப்பு 2019ல் க்ளாக் கம்பெனியின் 47, 19, 26 என்று மூன்று அளவுகளைச் சேர்த்து ஒரே ஒப்பந்தத்தில் எடுத்தது. பெரியது சீருடைக்கு, சிறியது மறைத்து வைக்க. ட்ரிகரும் இயக்கும் முறையும் மூன்றிலும் ஒன்றே. பெரிய பிஸ்டலின் மேகசின், அதாவது தோட்டாக்களை அடுக்கி வைக்கும் பெட்டி, சிறியதிலும் பொருந்தும். ரோந்தில் இருந்து துப்பறியும் பிரிவுக்கு மாறும் ஒருவர் புதிதாக எதையும் கற்க வேண்டியதில்லை. தனித்தனி மாடல்களாக வாங்கிய துறைகளுக்கு இந்த வசதி கிடையாது.

படி 2: தோட்டாவை முடிவு செய்யுங்கள்

பிஸ்டலைத் தேர்ந்தெடுத்துவிட்டு அதற்குத் தோட்டா தேடுவது தலைகீழ் வேலை. காயத்தை உண்டாக்குவது தோட்டா. பிஸ்டல் அதை அனுப்பும் கருவி. இந்த விஷயத்தில் எஃப்பிஐ பட்ட பாடு எல்லோருக்கும் பாடம், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

1986 ஏப்ரல் 11, மயாமி. மைக்கேல் ப்ளாட், வில்லியம் மேட்டிக்ஸ் என்ற இரண்டு வங்கிக் கொள்ளையர்களை எட்டு எஃப்பிஐ ஏஜென்ட்டுகள் காரோடு மடக்கினார்கள். சில நிமிடங்களே நடந்த சண்டையில் பென் க்ரோகன், ஜெர்ரி டவ் என்ற இரு ஏஜென்ட்டுகள் இறந்தார்கள். ஐந்து பேர் காயமடைந்தார்கள். கொள்ளையர் இருவரும் இறந்தார்கள். சண்டையின் தொடக்கத்திலேயே டவ் சுட்ட 9 எம்எம் குண்டு ஒன்று ப்ளாட்டின் மேற்கையைத் துளைத்து, மார்புக்குள் புகுந்து, இதயத்துக்கு ஏறக்குறைய ஓர் அங்குலம் முன்னால் நின்றுவிட்டது. அந்தக் காயம் பிழைக்க முடியாத காயம்தான், ஆனால் உடனே வீழ்த்தவில்லை. அதன்பிறகும் ப்ளாட் ரைஃபிளால் சுட்டுக்கொண்டே இருந்தான். இரு ஏஜென்ட்டுகளும் அதற்குப் பிறகுதான் கொல்லப்பட்டார்கள்.

பழி அந்த 9 எம்எம் குண்டின்மேல் விழுந்தது. எஃப்பிஐ இன்னும் வலுவான 10 எம்எம் தோட்டாவுக்குப் போனது. சுடும்போது அது பின்னால் உதைத்த உதையில் நிறையப் பேரால் சரியாகச் சுட முடியவில்லை, பிஸ்டலும் பெரிது. அதனால் வெடிமருந்தைக் குறைத்துக் குண்டை மெதுவாக்கினார்கள். மருந்து குறைந்தபின் அவ்வளவு நீளக் கூடு எதற்கு என்று ஸ்மித் அண்ட் வெஸ்ஸன், வின்செஸ்டர் கம்பெனிகள் சேர்ந்து கூட்டைச் சுருக்கி 1990 ஜனவரியில் .40 காலிபர் தோட்டாவைக் கொண்டுவந்தார்கள். நாடு முழுவதும் காவல்துறைகள் அதன் பின்னால் போயின. எஃப்பிஐயும் 1997ல் .40 க்ளாக்குகளை எடுத்துக்கொண்டது. அப்புறம் 2014ல் அதே எஃப்பிஐயின் பயிற்சிப் பிரிவு, புதிய 9 எம்எம் குண்டுகள் போதுமான ஆழத்துக்குப் போகின்றன, ஏஜென்ட்டுகளில் பெரும்பாலோர் 9 எம்எம்மில் வேகமாகவும் குறி தவறாமலும் சுடுகிறார்கள் என்று எழுதியது. 2016ல் 9 எம்எம் க்ளாக் 17எம், 19எம் பிஸ்டல்களுக்கு ஒப்பந்தம் போட்டார்கள். புறப்பட்ட இடத்துக்குத் திரும்ப முப்பது ஆண்டுகள் ஆயின.

மயாமியில் எதிரில் இருந்தது ரைஃபிள். ஏஜென்ட்டுகளில் பெரும்பாலோர் கையில் இருந்தவை கைத்துப்பாக்கிகள். எந்தப் பிஸ்டல் தோட்டாவும் அந்த இடைவெளியை நிரப்பியிருக்காது என்பது என் கருத்து. ஒரு துயரத்துக்குப் பல காரணங்கள் இருக்கும்போது, வாங்கி மாற்றக்கூடிய ஒரு பொருளின்மேல் முழுப் பொறுப்பையும் போடுவது எளிது. உங்கள் ஊரில் ஒரு சம்பவம் நடந்து, அதன் சூட்டோடு புதுத் துப்பாக்கிக்கான கோரிக்கை வந்தால், முதலில் அந்தச் சம்பவத்தின் முழு அறிக்கையைப் படியுங்கள்.

மயாமி விட்டுச்சென்ற உருப்படியான சொத்து சோதனை முறை. மனிதச் சதைக்குப் பதிலாகப் பத்து சதவீத ஜெலட்டின் கட்டியை 4 டிகிரி செல்சியஸில் குளிரவைக்கிறார்கள். கட்டி சரியான பதத்தில் இருக்கிறதா என்று பார்க்க ஒரு சிறிய இரும்புக் குண்டைக் குறிப்பிட்ட வேகத்தில் அதற்குள் சுடுவார்கள். அது ஏறக்குறைய எட்டரை சென்டிமீட்டர் போய் நின்றால் கட்டி தயார். அப்புறம் வெறும் ஜெலட்டின், கனமான உடை, இரும்புத் தகடு, ஜிப்சம் சுவர்ப் பலகை, ப்ளைவுட், காரின் கண்ணாடி என்று ஆறு வகையாகச் சுடுகிறார்கள். உடை என்றால் பருத்தி பனியன், சட்டை, கம்பளி போன்ற ஃப்ளீஸ், ஜீன்ஸ் துணி நான்கையும் அடுக்கி வைப்பார்கள். உடலுக்குள் புகுந்ததும் விரியும் குண்டின் முனைக் குழியில் துணி அடைத்துக்கொண்டால் அது விரியாமலே போய்விடும், அதைக் கண்டுபிடிக்கத்தான். காரின் கண்ணாடியை நேராக வைக்காமல் சாய்த்து வைப்பார்கள், நிஜக் காரில் இருப்பது போல.

குண்டு குறைந்தது 12 அங்குலம் போக வேண்டும், 18 அங்குலத்தைத் தாண்டக் கூடாது. மனித மார்பு அவ்வளவு தடிமன் இல்லையே என்று தோன்றும். ஆனால் ஆள் பக்கவாட்டில் திரும்பி நிற்கலாம், நீட்டிய கை குறுக்கே இருக்கலாம். மயாமியில் நடந்ததே அதுதான். 18ஐத் தாண்டினால் குண்டு ஆளைத் துளைத்து வெளியேறி, பின்னால் இருப்பவர்மேல் படும்.

இந்தச் சோதனைகளை ஒவ்வொரு சிறு துறையும் தானே செய்ய வேண்டியதில்லை. பெரிய தோட்டாக் கம்பெனிகள் சுற்றுப்பயணமாக வந்து செய்து காட்டுகின்றன. ஒரு நிபந்தனை மட்டும் வையுங்கள்: நீங்கள் வாங்கப்போகும் பிஸ்டலின் பேரல் (குழல்) நீளத்தில் சுட்ட முடிவு வேண்டும். பேரல் குட்டையானால் வேகம் குறையும், விரிவும் மாறும்.

படி 3: கை அளவு

காலி என்று இருவர் சரிபார்த்த பிஸ்டலைக் காவலரின் கையில் கொடுங்கள். பேரலும் முன்கையும் ஒரே நேர்கோட்டில் வரும்படி அவர் பிடிக்கட்டும். இப்போது ஆள்காட்டி விரலைப் பாருங்கள். விரல் நுனியின் சதைப்பகுதி ட்ரிகர்மேல் இயல்பாகப் படிந்தால் சரி. நுனி மட்டும் தொட்டால் பிடி பெரிது. எட்டவில்லை என்று அவர் பிடியைச் சுழற்றினால் உதை மணிக்கட்டுக்கு நேராக வராமல் கட்டைவிரல் மூட்டில் வரும், இரண்டாவது குண்டு எங்கேயோ போகும். பிடியைத் தளர்த்தாமல் மேகசின் பொத்தானைக் கட்டைவிரல் தொடுகிறதா? பிஸ்டலின் மேலே முன்னும் பின்னும் ஓடும் ஸ்லைடைப் பின்னுக்கு இழுக்க முடிகிறதா? ஈரக் கையோடு முடிகிறதா?

பிடியின் பின்பக்கத்தை மாற்றிக்கொள்ளும் வசதி இன்றைய பிஸ்டல்களில் சாதாரணமாகிவிட்டது. ஒரு காலத்தில் எல்லோருக்கும் ஒரே பிடி என்று கொடுத்துவிட்டு, சுட வராத பெண் காவலரைப் பயிற்சி போதாது என்று திருப்பி அனுப்பினார்கள். அளவில்லாத பூட்ஸைக் கொடுத்துவிட்டு ஓடத் தெரியவில்லை என்று சொல்வது போன்ற அநியாயம் அது.

படி 4: ட்ரிகர்

இதில் நியூயார்க்கைத் தவிர்த்துவிட்டுப் பேச முடியாது. 1993ல் அந்த நகரம் .38 ரிவால்வர்களில் இருந்து 9 எம்எம் பிஸ்டலுக்கு மாற அனுமதி கொடுத்தது. க்ளாக் 19, ஸ்மித் அண்ட் வெஸ்ஸன் 5946, சிக் சாவர் பி226 மூன்றில் ஒன்றைக் காவலர் தேர்ந்தெடுக்கலாம். பழைய ரிவால்வரின் ட்ரிகர் நீளமானது, கனமானது. புதிய பிஸ்டலில் கை லேசாகப் பட்டாலே வெடித்துவிடும் என்ற பயத்தில், க்ளாக்கின் வழக்கமான ஐந்தரை பவுண்டு ட்ரிகரை 12 பவுண்டு அளவுக்குக் கனமாக்கினார்கள். அதாவது கிட்டத்தட்ட ஐந்தரை கிலோ. தோட்டா நிரப்பினாலும் ஒரு கிலோவை எட்டாத பிஸ்டல் அது. தன் எடையைப்போல் ஐந்து ஆறு மடங்கு விசையோடு இழுக்கும்போது முழுத் துப்பாக்கியும் விரலோடு சேர்ந்து இழுபடாமல் இருக்குமா?

2008ல் ராண்ட் ஆய்வு நிறுவனம் நியூயார்க் காவல்துறைக்காக ஓர் அறிக்கை கொடுத்தது. 1998 முதல் 2006 வரையிலான சம்பவங்களில், எதிராளியும் சுடும் நிலையில் காவலர்கள் சுட்ட குண்டுகளில் 18 சதவீதமே இலக்கில் பட்டன. எதிராளி சுடாதபோது 30 சதவீதம். இலகுவான ட்ரிகரைச் சோதித்துப் பாருங்கள் என்றும் அந்த அறிக்கை சொன்னது. 2012 ஆகஸ்ட் 24 அன்று எம்பயர் ஸ்டேட் கட்டடத்தின் முன், கொலை செய்துவிட்டு வந்த ஒருவனை நோக்கி இரண்டு காவலர்கள் 16 ரவுண்டு சுட்டார்கள். அவன் இறந்தான். வழியில் போன ஒன்பது பேர் காயமடைந்தார்கள். ஒன்பது பேர்மேலும் பட்டவை காவலர்களின் குண்டுகளும் அவற்றின் சிதறல்களும்தான். அதற்கு ட்ரிகர் மட்டுமே காரணம் என்று யாரும் சொல்ல முடியாது. நெரிசலான நடைபாதை, நொடிகளில் எடுத்த முடிவு எல்லாம் சேர்ந்தது. ஆனால் ட்ரிகர் பற்றிய கேள்வியை அதன்பின் யாராலும் ஒதுக்க முடியவில்லை. 2021ல் புதிதாகச் சேரும் காவலர்களுக்கு இலகுவான ட்ரிகர் கொண்ட பிஸ்டல் என்று அந்தத் துறை அறிவித்தது.

ரொம்ப லேசான ட்ரிகரும் ஆபத்துதான். பதற்றத்தில் விரல் தானாக இறுகும், தடுமாறி விழும்போதும் இறுகும். ஐந்திலிருந்து ஆறரை பவுண்டுக்குள் இருக்கும் ட்ரிகரை எடுத்துக்கொண்டு, ‘சுட முடிவு செய்யும்வரை விரல் ட்ரிகருக்கு வெளியே’ என்ற பழக்கத்தை உடம்பில் ஏற்றுவதுதான் எனக்குச் சரியாகப் படுகிறது. பயிற்சி செய்ய வேண்டிய வேலையை ஸ்பிரிங்கிடம் ஒப்படைத்தால், அதற்கு விலை கொடுப்பவர் தெருவில் நிற்பவர்.

படி 5: கீழே விழுந்தால், கழற்றினால், உறையில் இருந்தால்

பாதுகாப்பு என்றதும் சேஃப்டி பொத்தான் இருக்கிறதா என்றுதான் பலரும் கேட்பார்கள். மூன்று கேள்விகள் அதைவிட முக்கியம்.

கீழே விழுந்தால் வெடிக்குமா? 2017 ஜனவரியில் அமெரிக்க ராணுவம் சிக் சாவர் பி320 வகைப் பிஸ்டலைத் தேர்ந்தெடுத்ததும் பல காவல்துறைகளின் பார்வை அதன் பக்கம் திரும்பியது. அதே ஆண்டு ஆகஸ்டில், கடைகளிலும் காவல்துறைகளிலும் இருந்த பி320 ஒரு குறிப்பிட்ட கோணத்தில், ஸ்லைடின் பின்பகுதி தரையில் அடிபடும்படி விழுந்தால் வெடிக்கக்கூடும் என்பது வெளியே வந்தது. டல்லஸ் காவல்துறை உடனே அதைப் பயன்பாட்டில் இருந்து நிறுத்தியது. ட்ரிகரும் உள்ளுறுப்புகளும் மாற்றித் தருவதாகக் கம்பெனி அறிவித்தது. வழக்கமான விழுதல் சோதனைகளை அந்தப் பிஸ்டல் ஏற்கெனவே தாண்டியிருந்தது. சோதனையில் இல்லாத கோணத்தில்தான் பிரச்சினை இருந்தது. ஆகவே அச்சிட்ட தரநிலையில் உள்ள கோணங்களோடு நிறுத்திக்கொள்ளாதீர்கள். முப்பது டிகிரி, அறுபது டிகிரி என்று சாய்த்துப் போடுங்கள். கான்க்ரீட்டில் போடுங்கள். குண்டு இல்லாத, ப்ரைமர் (அடித்ததும் பொறி கிளப்பும் பகுதி) மட்டும் வைத்த கூட்டைச் சேம்பரில் (பேரலின் பின்முனையில் தோட்டா அமரும் இடத்தில்) வைத்து, பயிற்சி பெற்ற ஆர்மரர்தான் இதைச் செய்ய வேண்டும்.

மாற்றம் செய்த பின்னும் உறையில் இருந்த பி320 தானாக வெடித்தது என்று காவலர்களும் மற்றவர்களும் வழக்குகள் போட்டார்கள். ட்ரிகர் இழுபடாமல் வெடிக்காது என்பதே கம்பெனியின் நிலை. சில வழக்குகள் தள்ளுபடியாயின, சிலவற்றில் ஜூரிகள் கம்பெனிக்கு எதிராகத் தீர்ப்பளித்தார்கள். மில்வாக்கி போன்ற துறைகள் வேறு பிஸ்டலுக்கு மாறின. யார் சொல்வது சரி என்பது ஒரு புறம் இருக்கட்டும். தன் இடுப்பில் இருக்கும் ஆயுதத்தைக் காவலரே நம்பவில்லை என்றால், அந்த நிமிடத்தில் இருந்து அது துறைக்கு உதவாது.

அடுத்த கேள்வி: சுத்தம் செய்யக் கழற்றும்போது ட்ரிகரை இழுக்க வேண்டுமா? க்ளாக்கில் ஸ்லைடைக் கழற்றும் முன் ட்ரிகரை ஒரு முறை இழுத்தாக வேண்டும். சேம்பரில் ஒரு ரவுண்டு மிச்சமிருப்பதைக் கவனிக்காதவர் அங்கேதான் மாட்டிக்கொள்வார். பி320, ஸ்மித் அண்ட் வெஸ்ஸனின் எம் அண்ட் பி போன்றவற்றை ட்ரிகரைத் தொடாமல் கழற்றலாம். இதற்காக மட்டும் க்ளாக்கை ஒதுக்க வேண்டியதில்லை, ஆயிரக்கணக்கான துறைகள் அதைப் பத்திரமாகப் பயன்படுத்துகின்றன. ஆனால் க்ளாக்கை எடுத்தால் கழற்றும் முறைக்கென்று தனி வகுப்பு, தவறி வெடித்தால் குண்டைத் தாங்க மணல் நிரப்பிய டிரம் ஒன்று, இருவர் சரிபார்க்கும் விதி மூன்றையும் கூடவே எடுத்துக்கொள்ள வேண்டும்.

மூன்றாவது, உறைக்குள் திருப்பி வைக்கும்போது சட்டை நுனியோ கயிறோ ட்ரிகரில் மாட்டுமா? இது உறையோடு சேர்ந்த கேள்வி. படி 7ல் வருகிறது.

படி 6: சுட்டுப் பாருங்கள், எழுதி வையுங்கள்

பட்டியல் மூன்று அல்லது நான்கு மாடல்களுக்குச் சுருங்கியிருக்கும். தேசிய நீதி ஆய்வு நிறுவனம் காவல்துறைப் பிஸ்டல்களுக்கென்று ஒரு தரநிலை வெளியிட்டிருக்கிறது. அது அடித்தளம் மட்டுமே, அதைத் தாண்டியும் போக வேண்டும்.

மாதிரிப் பிஸ்டல்களைக் கம்பெனியிடம் கேட்டு வாங்காமல், முடிந்தவரை கடைச் சரக்கில் இருந்து எடுங்கள். விற்பனைப் பிரதிநிதி பெட்டியில் கொண்டுவருவது பொறுக்கி எடுத்ததாக இருக்க வாய்ப்புண்டு. ஒவ்வொரு மாடலிலும் ஒன்று போதாது, நான்கைந்து வேண்டும். அவற்றில் ஓரிரண்டை நீண்ட ஓட்டத்துக்கு ஒதுக்கி, எண்ணெய் இல்லாமல், தூசி படிந்து, குளிரில் கிடந்து சுடச் சொல்லுங்கள்.

சுடுபவர்களைச் சேர்ப்பதில்தான் பெரும்பாலான துறைகள் கோட்டை விடுகின்றன. பயிற்சியாளர்கள் மட்டும் சுட்டால் எல்லாப் பிஸ்டலும் நன்றாகத்தான் இருக்கும். தேர்ச்சிப் பதிவேட்டை எடுத்து, கீழ் மூன்றில் ஒரு பங்கில் இருப்பவர்களில் பாதிப் பேரையாவது குழுவில் சேர்த்துக்கொள்ளுங்கள். எல்லோரும் ஒரே பயிற்சிமுறையில் சுட வேண்டும்: இரண்டு கையால், வலது கையால் மட்டும், இடது கையால் மட்டும், இருட்டில், ஓடி வந்து மூச்சு வாங்கும்போது. எந்த மாடலை முதலில் சுடுவது என்பதை ஆளுக்கு ஆள் மாற்றுங்கள், இல்லையென்றால் கடைசியில் வரும் பிஸ்டல் களைப்பின் பழியைச் சுமக்கும். மதிப்பெண்ணும் நேரமும் பதிவான பிறகே கருத்துக் கேளுங்கள். ‘எனக்கு இதுதான் பிடித்தது’ என்று எழுதியவர் வேறொன்றில்தான் நன்றாகச் சுட்டிருப்பார், இது அடிக்கடி நடக்கும்.

ஒவ்வொரு கோளாறுக்கும் ஒரு வரி எழுத வேண்டும்: எந்தப் பிஸ்டல், எத்தனையாவது ரவுண்டு, எந்த மேகசின், யார் கையில், என்ன ஆனது. மேகசின்களுக்கு எண் போட்டு வையுங்கள். பிஸ்டல் மேல் சொல்லப்படும் குறைகளில் கணிசமானவை ஒரே ஒரு வளைந்த மேகசினில் போய் முடியும். மணிக்கட்டு தளர்ந்தால் மட்டும் மாட்டிக்கொள்ளும் பிஸ்டல் என்றால், அதைச் சுடுபவரின் தவறு என்று கணக்கில் இருந்து எடுக்காதீர்கள். காயம்பட்ட கையோடு சுடும் காவலரின் மணிக்கட்டும் அப்படித்தான் தளர்ந்திருக்கும்.

படி 7: உறை, லைட், ரெட் டாட்

பிஸ்டலைத் தனியாகச் சோதித்துவிட்டு, வாங்கியபின் லைட்டையும் ரெட் டாட்டையும் (குறியைச் சிவப்புப் புள்ளியாகக் காட்டும் சிறு கண்ணாடிக் கருவி) மாட்டுவது பழைய தவறு. .40 க்ளாக் 22ல் லைட்டை மாட்டியதும் தோட்டா ஏறுவதில் சிக்கல் என்று சில துறைகள் புகார் சொன்னதும், மேகசின் ஸ்பிரிங்கை மாற்ற வேண்டிவந்ததும் அமெரிக்கப் பயிற்சியாளர்கள் வட்டாரத்தில் தெரிந்த கதை. முன்பக்கம் எடை கூடினால் பிஸ்டல் உதைக்கும் விதம் மாறுகிறது, ஸ்லைடு ஓடும் நேரத்துக்குள் தோட்டா மேலே வந்துசேர முடிவதில்லை. தெருவில் எப்படி இருக்கப்போகிறதோ அதே கோலத்தில் சோதியுங்கள்.

லைட் மாறினால் உறையும் மாற வேண்டும். லைட்டுக்கு இடம் விட்ட உறையின் வாய் அகலமாக இருக்கும். அந்த இடைவெளி வழியாக ட்ரிகரை எதுவும் தொட முடிகிறதா என்று விரலையும் சாவியையும் பேனாவையும் விட்டுப் பாருங்கள். பின்னால் இருந்து ஒருவர் பிடுங்கினால் வராத, ஆனால் காவலர் எடுத்தால் தடையில்லாமல் வரும் உறை வேண்டும். அந்த மாடலுக்கு நல்ல உறை சந்தையில் இன்னும் வரவில்லை என்றால், பிஸ்டல் எவ்வளவு நல்லதானாலும் காத்திருங்கள்.

ரெட் டாட் இப்போது வேகமாகப் பரவுகிறது. லாஸ் ஏஞ்சல்ஸ் காவல்துறை 2021ல் தேர்ந்தெடுத்த எஃப்என் 509 பிஸ்டலே அதைப் பொருத்தத் தயாராக வருவதுதான். இன்று ரெட் டாட்டுக்குப் பணம் இல்லாவிட்டாலும், ஸ்லைடில் அதற்கான வெட்டு உள்ள மாடலையே எடுங்கள்.

படி 8: விலையும் பழைய துப்பாக்கிகளும்

காவல்துறைக்கு ஒரு பிஸ்டல் சில நூறு டாலருக்குக் கிடைக்கும். கணக்கு அதோடு முடிவதில்லை. உறை, லைட், மூன்று மேகசின், ரெட் டாட் சேர்த்தால் பிஸ்டலின் விலையைத் தாண்டிவிடும். பயிற்சித் தோட்டா இன்னும் பெரிய செலவு. ஒருவர் வருடத்துக்கு ஆயிரம் ரவுண்டு சுட்டால், ரவுண்டுக்கு 25 சென்ட் என்று வைத்துக்கொண்டாலும் பத்து வருடத்தில் 2,500 டாலர். எனவே இரண்டு பிஸ்டல்களுக்கு இடையே முப்பது டாலர் வித்தியாசத்துக்காக மல்லுக்கட்டுவதில் அர்த்தமில்லை. சிறிய துறைகள் மாநில ஒப்பந்த விலையிலேயே வாங்கிக்கொள்ளலாம்.

ஆர்மரர் பயிற்சி, உதிரிப் பாகங்கள் எத்தனை வருடம் கிடைக்கும், கோளாறு வந்தால் யார் செலவில் திரும்பப் பெறுவார்கள் என்பதெல்லாம் ஒப்பந்தத்தில் எழுத்தாக இருக்க வேண்டும். வாய்வார்த்தை செல்லாது.

பழையவற்றை என்ன செய்வது? 1980களில் க்ளாக் அமெரிக்கக் காவல்துறைகளுக்குள் வேகமாக நுழைந்ததற்கு ஒரு காரணம், பழைய ரிவால்வர்களை எடுத்துக்கொண்டு புதியதைக் குறைந்த விலைக்குக் கொடுத்ததுதான். பழையவை கடைகளுக்குப் போய்ப் பொதுமக்களுக்கு விற்கப்பட்டன. இன்றும் பல துறைகள் இதையே செய்கின்றன. 2006 முதல் குற்றங்களில் சிக்கிய துப்பாக்கிகளில் 52,000க்கும் மேற்பட்டவை ஒரு காலத்தில் காவல்துறையிடம் இருந்தவை என்று 2024ல் பத்திரிகையாளர்கள் அரசுப் பதிவுகளைத் தோண்டி எடுத்து வெளியிட்டார்கள். சில ஊர்கள் பழையவற்றை உருக்கி அழித்துவிடுகின்றன. அதனால் கொஞ்சம் பணம் குறையும். நான் குழுவில் இருந்தால் அந்தப் பணத்தை இழக்கவே வாக்களிப்பேன். ஊரைக் காக்க வாங்கிய ஆயுதம் ஊருக்கு எதிராகத் திரும்ப நாமே வழி செய்துகொடுக்கக் கூடாது.

படி 9: மாற்றத்துக்கான பயிற்சி

வாஷிங்டன் டிசி காவல்துறை 1980களின் இறுதியில் க்ளாக்குக்கு மாறியது. அதே காலத்தில் அவசர அவசரமாகப் புதிய காவலர்களைச் சேர்த்தது. பயிற்சி பின்தங்கியது. பத்து ஆண்டுகளில் 120க்கும் மேற்பட்ட முறை துப்பாக்கி தவறுதலாக வெடித்திருந்ததை 1998ல் வாஷிங்டன் போஸ்ட் நாளிதழ் அம்பலப்படுத்தியது. வருடாந்தரத் தேர்ச்சிக்கு வராமலே பலர் ஆயுதத்தோடு பணியில் இருந்ததும் தெரியவந்தது. இதே க்ளாக்கை வைத்து இந்தச் சிக்கல் இல்லாமல் ஓடிய துறைகள் ஏராளம். வித்தியாசம் பயிற்சியில் இருந்தது.

புதிய பிஸ்டலைக் கையில் கொடுத்து ஒரு மணி நேர வகுப்போடு அனுப்பாதீர்கள். இரண்டு மூன்று நாள் முழுப் பயிற்சி, அதில் தேர்ச்சி, அதன்பிறகுதான் பழையதை ஒப்படைத்துப் புதியதை வாங்க வேண்டும். இரண்டையும் ஒரே நேரத்தில் ஒருவரிடம் விடக்கூடாது. ரெட் டாட்டுக்கு மாறுபவர்களுக்கு இன்னும் ஒரு நாள் கூட்டுங்கள். அந்தச் சிவப்புப் புள்ளியைக் கண்ணாடிக்குள் தேடும் பழக்கம் போக நேரம் எடுக்கும்.

படி 10: வாங்கிய பிறகு

ஒவ்வொரு பிஸ்டலுக்கும் ஒரு பதிவேடு வேண்டும்: வரிசை எண், தோராயமாக எத்தனை ரவுண்டு சுட்டது, எப்போது ஸ்பிரிங் மாற்றியது, என்ன கோளாறு வந்தது. ஒரே மாதிரிக் கோளாறு மூன்று பிஸ்டல்களில் வந்தால் கம்பெனிக்கு எழுதுவதோடு பக்கத்துத் துறைகளிடமும் கேளுங்கள். 18,000 துறைகள் தனித்தனியாக வாங்கும் நாட்டில், ஒருவருக்குத் தெரிந்த குறை அடுத்தவருக்குத் தானாகத் தெரிந்துவிடாது. ஜெர்மனியில் இந்தச் சிக்கல் குறைவு. அங்கே காவல்துறைப் பிஸ்டலுக்கென்று பொதுவான தொழில்நுட்ப விதிமுறை இருக்கிறது. அதில் தேறிய மாடல்களில் இருந்தே மாநிலங்கள் வாங்குகின்றன. 1970களில் வால்தர் பி5, சிக்கின் பி6, ஹெக்லர் அண்ட் கோக் பி7 மூன்றும் அப்படிப் பொது விதிகளுக்கு ஏற்ப உருவானவைதான்.

இரவில் ஒளிரும் ட்ரிடியம் குறிகள் மாட்டியிருந்தால் அவற்றின் தேதியைப் பாருங்கள். ட்ரிடியத்தின் அரை ஆயுள் ஏறக்குறைய 12 ஆண்டுகள். அதாவது பன்னிரண்டாம் வருடம் ஒளி பாதியாகியிருக்கும். பல துறைகள் பிஸ்டலையே பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் மாற்றுவதால் இரண்டும் பொருந்திப்போகிறது. வாங்கிய எட்டாவது அல்லது ஒன்பதாவது ஆண்டில் அடுத்த குழுவைக் கூட்டுங்கள். முதல் கூட்டத்துக்கு அந்தப் பதிவேடுகளையும் தேர்ச்சி மதிப்பெண்களையும் எடுத்து வரச் சொல்லுங்கள். கம்பெனிக்காரர்களை மூன்றாவது கூட்டத்துக்கு அழைத்தால் போதும்.